கோப்பு கை மாறும் முன்னே

இந்த ஆண்டு நம் அலுவலகத்தில் மூன்று பேர் புதிதாகச் சேர்ந்திருக்கிறீர்கள். போன வாரம் ஒரு தகப்பனார் மகனின் போட்டோவை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்தார். அவர் பேசி முடிப்பதற்குள் உங்களில் ஒருவர் என்னைத் தனியே அழைத்து, "சார், சி.பி.ஐ. கேட்டு உடனே ஒரு ஓ.பி. போட்டுடலாமா?" என்று கேட்டீர்கள். அந்தக் கேள்வியில் இருந்த தவிப்பு எனக்குப் பிடித்திருந்தது. ஆனால் கேள்வி பிந்திய கட்டத்துக்கு உரியது. அதற்கு முன்னால் செய்ய வேண்டியவை நிறைய இருக்கின்றன. சென்னை உயர் நீதிமன்றத்திலும், 2004-க்குப் பிறகு அதன் மதுரைக் கிளையிலுமாக முப்பது ஆண்டுக்கு மேல் கிரிமினல் பக்கம் நின்றவன் என்ற உரிமையில் அவற்றை எழுதித் தருகிறேன்.

1. முதல் நாள் பேனாவை மூடி வையுங்கள். வந்தவர்கள் அழட்டும், திட்டட்டும், முன்னுக்குப் பின் சொல்லட்டும். இரண்டாம் நாள் தேதி, நேரம், இடம், யார் போன் செய்தது, யார் முதலில் உடலைப் பார்த்தது என்று ஒரு கால வரிசை எழுதுங்கள். அந்த ஒரு தாள்தான் பிறகு உங்கள் மனுவின் முதுகெலும்பு. அவர்கள் "கொலைதான் சார்" என்று சொல்வார்கள். நீங்கள் அதைச் சொல்லாதீர்கள். உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. விசாரணை சரியாக நடக்கவில்லை என்பதைக் காட்டுவதுதான் நம் வேலை. கொலையை நிரூபிப்பது நம் வேலையில்லை. இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டு தோற்ற மனுக்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

2. எது அழியப் போகிறதோ அதை முதலில் கேளுங்கள்.

என் தொழிலின் ஆரம்ப ஆண்டுகளில் கிணற்றில் பிணமாகக் கிடந்த ஒரு கல்லூரி மாணவனின் வழக்கு என்னிடம் வந்தது. வேகமாக விசாரணையை மாற்றக் கேட்டு மனுப் போட்டேன். நன்றாக எழுதிய மனு என்று சீனியர்களே பாராட்டினார்கள். ஓராண்டுக்கு மேல் இழுத்து, கடைசியில் சாதகமான ஆணையும் வந்தது. புதிய அதிகாரி கோப்பைத் திறந்தபோது அதற்குள் எதுவும் இல்லை. பையனின் சட்டையையும் பேண்டையும் ஸ்டேஷனில் எப்போதோ வீட்டாரிடம் திருப்பிக் கொடுத்திருக்கிறார்கள். காரியத்தன்று வழக்கப்படி அவற்றை ஆற்றில் விட்டிருக்கிறார்கள். வேண்டாம் என்று சொல்ல அந்த வீட்டில் ஆளில்லை. சொல்லியிருக்க வேண்டியவன் நான். அந்தத் தாயிடம் "துணியைத் துவைக்காதீர்கள், யாரிடமும் கொடுக்காதீர்கள், காகிதப் பையில் போட்டு வையுங்கள்" என்று ஒரு வாக்கியம் சொல்ல எனக்குத் தோன்றவில்லை. அந்த வழக்கு அங்கேயே நின்றது.

சாத்தான்குளத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 2020 ஜூன் 19 அன்று போலீசாரால் பிடித்துச் செல்லப்பட்ட தந்தையும் மகனும் கோவில்பட்டி அரசு மருத்துவமனையில் இறந்தார்கள், மகன் 22 இரவு, தந்தை 23 காலை. மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. நீதிபதிகள் பி.என்.பிரகாஷ், பி.புகழேந்தி அமர்வு. கோவில்பட்டி மாஜிஸ்திரேட் ஸ்டேஷனுக்குப் போய்ப் பார்த்தபோது, ஹார்டு டிஸ்க்கில் இடம் இருந்தும் சி.சி.டி.வி. பதிவுகள் அன்றாடம் தானாக அழியும்படி வைக்கப்பட்டிருந்ததைக் கண்டு அறிக்கை அனுப்பினார். அங்கிருந்த காவலர்கள் அவரை நடத்திய விதமும் அந்த அறிக்கையில் இருந்தது. நீதிமன்றம் என்ன செய்தது? காவல் நிலையத்தையே வருவாய்த் துறையின் பொறுப்பில் வைக்கச் சொன்னது. சி.பி.ஐ.க்கு மாற்ற அரசு அதற்குள் முடிவெடுத்திருந்தது. ஆனால் சி.பி.ஐ. வந்து பொறுப்பேற்க நாளாகும், அதற்குள் தடயங்கள் மறைந்துவிடும் என்று சொல்லி, ஜூன் 30 அன்று இடைப்பட்ட காலத்துக்கு சி.பி.சி.ஐ.டி. உடனே விசாரணையைக் கையில் எடுக்க உத்தரவிட்டது. மறுநாளே கைதுகள் தொடங்கின. ஆணையை முழுதாகப் படியுங்கள். யாரிடம் கொடுப்பது என்பதைவிட, இன்று இரவு எதைப் பூட்டி வைப்பது என்பதில்தான் அந்த அமர்வின் கவனம் முதலில் இருந்தது.

எனவே உங்கள் மனுவோடு ஓர் இடைக்கால மனு கட்டாயம் போக வேண்டும். ஸ்டேஷன் சி.சி.டி.வி., எதிர்க்கடை சி.சி.டி.வி., மருத்துவமனை வாசல் பதிவு, இறந்தவரின் போன், அழைப்பு விவரப் பட்டியல், ஸ்டேஷன் பொது நாட்குறிப்பு, உள்ளுறுப்பு மாதிரிகள் என்று ஒவ்வொன்றையும் பெயர் சொல்லிக் கேளுங்கள். காவல் நிலைய சி.சி.டி.வி. பதிவுகளைப் பதினெட்டு மாதம், அதற்கு வசதியில்லாத இடத்தில் குறைந்தது ஓராண்டு வைத்திருக்க வேண்டும் என்று 2020 டிசம்பரில் பரம்வீர் சிங் சைனி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதைக் காட்டுங்கள். கடைக்காரரின் கேமராவுக்கு அப்படி எந்த விதியும் இல்லை. அவரிடம் அன்று சாயங்காலமே ஆள் போக வேண்டும்.

3. உடல் அடக்கம் ஆகும் முன் வந்தால், உடலைப் பற்றி மட்டும் யோசியுங்கள். காவலில் நேர்ந்த மரணம் என்றால், 2020 டிசம்பரில் சந்தோஷ் வழக்கில் மதுரைக் கிளை தந்த வழிகாட்டுதல்கள் கையோடு இருக்கட்டும். பிரேதப் பரிசோதனைக்கு முன் உடலைப் பார்க்க உறவினருக்கு உரிமை உண்டு. பரிசோதனை வீடியோ எடுக்கப்பட வேண்டும். உயர் நீதிமன்றத்துக்குப் போகப் போகிறோம் என்று குடும்பம் எழுதிக் கொடுத்தால் உடலை 48 மணி நேரமாவது மார்ச்சுவரியில் வைத்திருக்க வேண்டும். எழுதிக் கொடுத்தால் என்பதைக் கவனியுங்கள். வாயால் சொன்னதற்குப் பதிவு கிடையாது. ஒரு வெள்ளைத்தாளில் நான்கு வரி எழுதி, ஜி.எச். டீனுக்கும் விசாரணை அதிகாரிக்கும் கொடுத்து, ஒப்புதல் வாங்குங்கள்.

உடலை வாங்க மாட்டோம் என்று உறவினர் உட்கார்ந்துவிடுவது நம் ஊரில் வழக்கமான போராட்டம். அந்த வலியை நான் மதிக்கிறேன். ஆனால் நாளாக ஆக உடல் சொல்லும் செய்தி குறைந்துகொண்டே வரும். கழுத்தில் உள்ள தடம் சாய்வாக மேலேறுகிறதா, கிடையாகச் சுற்றி வந்திருக்கிறதா என்பதில்தான் தூக்கா நெரிப்பா என்ற பாதிக் கேள்வி இருக்கிறது. தோல் நிறம் மாறிய பிறகு அதைப் படிப்பது கடினம். மறு பரிசோதனை வேண்டும் என்றால் அன்றே கேளுங்கள். முதல் அறிக்கையில் என்ன விடுபட்டது என்று தடய மருத்துவம் தெரிந்த ஒருவரிடம் காட்டிவிட்டுக் கேளுங்கள். "நம்பிக்கை இல்லை" என்ற ஒற்றை வரிக்கு மறு பரிசோதனை கிடைக்காது.

4. "நூத்தி எழுபத்தி நாலுதானே போட்டிருக்காங்க" என்று பலர் சலித்துக்கொள்வார்கள். அது 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ். 194 ஆகிவிட்டது. அந்தப் பிரிவு சாவு எப்படி நேர்ந்தது என்று மட்டும் பார்க்கும், யார் செய்தது என்று பார்க்காது. குற்றம் நடந்ததற்கான தகவல் கிடைத்த பிறகும் அதிலேயே கோப்பை நிறுத்தி வைப்பதுதான் நாம் சுட்டிக்காட்ட வேண்டிய முதல் குறை. திருமணமாகி ஏழு ஆண்டுக்குள் பெண் இறந்தால் ஆர்.டி.ஓ. விசாரணை தனியே நடக்கும். காவலில் மரணம் என்றால் மாஜிஸ்திரேட் விசாரணை 196-இல் வரும். இரண்டின் நகலுக்கும் விண்ணப்பம் போட்டு வையுங்கள்.

5. எடுத்த எடுப்பில் உயர் நீதிமன்றத்துக்கு ஓடாதீர்கள். மதுரா ரயில் நிலையத்தில் 2003 ஆகஸ்ட் 23 அன்று ஓர் இராணுவ மேஜரின் உடல் கிடந்தது. விபத்து அல்லது தற்கொலை என்று ரயில்வே போலீஸ் சொன்னது. இராணுவத்தின் விசாரணையும் தற்கொலை என்றது. மகனின் பிரிவில் நடந்த ஊழல் அவருக்குத் தெரிந்ததால் கொன்றுவிட்டார்கள் என்று தகப்பனார் சகிரி வாசு உச்ச நீதிமன்றம் வரை போய் சி.பி.ஐ. கேட்டார். கிடைக்கவில்லை. எந்த அமைப்பு விசாரிக்க வேண்டும் என்று கேட்கும் உரிமை யாருக்கும் கிடையாது, முறையான விசாரணை கேட்கும் உரிமைதான் உண்டு, அதற்கு மாஜிஸ்திரேட்டிடம் போகலாம் என்று 2007 டிசம்பரில் தீர்ப்பு வந்தது. நம்மை எதிர்த்து அரசு வழக்கறிஞர் முதலில் தூக்கிக் காட்டப்போவது இதைத்தான். எஸ்.பி.க்கு மனு, பிறகு பி.என்.எஸ்.எஸ். 175(3)-இல் பிரமாணப் பத்திரத்தோடு மாஜிஸ்திரேட்டிடம் மனு, இரண்டையும் செய்துவிட்டு வந்தால் அந்தத் தீர்ப்பு உங்களுக்குத் துணையாகவே திரும்பும். மாஜிஸ்திரேட் சி.பி.ஐ.க்கு உத்தரவிட முடியாது என்பதும் நினைவிருக்கட்டும்.

விதிவிலக்கு உண்டு. குற்றச்சாட்டு போலீஸ் மீதே இருந்தால், அல்லது மணிக்கணக்கில் தடயம் அழிந்துகொண்டிருந்தால், காத்திருக்க வேண்டாம். கொல்கத்தா ஆர்.ஜி.கர் மருத்துவக் கல்லூரியில் பயிற்சி மருத்துவரின் உடல் 2024 ஆகஸ்ட் 9 அன்று கண்டெடுக்கப்பட்டது. இயற்கைக்கு மாறான மரணம் என்றுதான் முதலில் வழக்குப் பதிவானது. அங்குள்ள உயர் நீதிமன்றத்தின் தலைமை நீதிபதி டி.எஸ்.சிவஞானம் தலைமையிலான அமர்வு 13-ஆம் தேதியே சி.பி.ஐ.க்கு மாற்றியது. நான்கே நாள்.

6. சி.பி.ஐ.க்கு மாற்ற உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்று நீதிபதி கேட்டால் தடுமாறக் கூடாது. டெல்லி சிறப்புக் காவல் அமைப்புச் சட்டம் 1946, பிரிவு 6, மாநில அரசின் இசைவு வேண்டும் என்கிறது. தமிழ்நாடு தன் பொது இசைவை 2023 ஜூனில் திரும்பப் பெற்றுவிட்டது. ஆனாலும் நீதிமன்ற ஆணைக்கு அந்த இசைவு தேவையில்லை. மேற்கு வங்கத்தின் கார்பேட்டா கொலைகள் தொடர்பான வழக்கில் 2010 பிப்ரவரி 17 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை முடித்துவைத்தது. அதே தீர்ப்பின் அடுத்த பகுதியை நம்மவர்கள் வாசிக்காமல் விடுகிறார்கள். இந்த அதிகாரத்தை அரிதாக, எச்சரிக்கையாக, விதிவிலக்கான நிலைமைகளில் மட்டும் பயன்படுத்த வேண்டும், உள்ளூர் போலீஸ் மீது ஒரு தரப்பு குறை சொல்கிறது என்பதற்காக மட்டும் மாற்றக் கூடாது என்று அங்கேயே எழுதியிருக்கிறார்கள்.

அப்படியானால் எதைக் காட்டினால் நீதிபதி நிமிர்ந்து உட்காருவார்? என் அனுபவத்தில், தாளுக்கும் தாளுக்கும் இடையிலுள்ள முரண். பஞ்சாயத்தார் முன்னிலையில் எழுதிய பிரேத விசாரணை அறிக்கையில் இல்லாத காயம், பரிசோதனை அறிக்கையில் இருக்கும். உடலை இறக்கியதாக மகஜர் சொல்லும் நேரத்துக்கு முன்பே ஆம்புலன்ஸ் பதிவேட்டில் உடல் ஏறியிருக்கும். புகாரில் பெயர் சொல்லப்பட்டவரை மூன்று மாதமாகியும் ஒருமுறைகூடக் கூப்பிட்டு விசாரித்திருக்க மாட்டார்கள். இப்படி மூன்று முரணை ஒரு பக்கத்தில் பக்க எண்ணோடு வரிசைப்படுத்துங்கள். "பாரபட்சம்", "உள்நோக்கம்", "செல்வாக்கு மிக்கவர்கள்" போன்ற சொற்களை மனுவிலிருந்து எடுத்துவிடுங்கள். கேஸ் டைரியை நாம் பார்க்க முடியாது. நீதிமன்றம் பார்க்கலாம். எந்தத் தேதிப் பக்கத்தைப் பார்க்க வேண்டும் என்று சுட்டிக்காட்டிக் கேளுங்கள். நான் ஜெயித்த மாற்ற மனுக்களில் பாதிக்கு மேல், நீதிபதி டைரியைப் புரட்டிப் பார்த்த பத்து நிமிடத்தில் முடிவானவை.

7. சி.பி.ஐ. என்ற மூன்றெழுத்தில் மயங்காதீர்கள். திருச்சியில் தொழிலதிபர் கே.என்.ராமஜெயம் 2012 மார்ச் 29 அன்று நடைப்பயிற்சிக்குப் போனவர் கொலையுண்டு கிடந்தார். உள்ளூர் போலீஸ் பார்த்தது, சி.பி.சி.ஐ.டி. பார்த்தது. 2017-இல் உயர் நீதிமன்றம் சி.பி.ஐ.க்கு மாற்றியது. 2022-இல் சிறப்புப் புலனாய்வுக் குழுவுக்கு மாற்றியது. கொன்றது யார் என்று இன்னும் எந்த நீதிமன்றமும் தீர்ப்புச் சொல்லும் நிலை வரவில்லை. செல்வாக்குள்ள குடும்பத்துக்கே இதுதான் நிலை. ஒவ்வொரு முறை கோப்பு மாறும்போதும் சாட்சிகளை மறுபடி கூப்பிடுவார்கள். அவர்கள் நினைவு முன்னைவிட மங்கியிருக்கும். முன்பு சொன்னதற்கும் இப்போது சொல்வதற்கும் ஒரு சொல் மாறினாலும் குறுக்கு விசாரணையில் அது ஆயுதமாகும்.

ஆகவே வேண்டுகோளைப் படிப்படியாக எழுதுங்கள். அதிகாரியை மாற்றுவது, வேறு மாவட்ட டி.எஸ்.பி.யிடம் கொடுப்பது, சி.பி.சி.ஐ.டி., குறிப்பிட்ட தரத்துக்குக் குறையாத அதிகாரி தலைமையில் எஸ்.ஐ.டி., கடைசியில் சி.பி.ஐ. பல வழக்குகளுக்கு இரண்டாவது படியே போதும். உள்ளூரின் சந்துபொந்து தெரிந்த, ஆனால் அந்த ஸ்டேஷனுக்குக் கட்டுப்படாத ஒரு நல்ல டி.எஸ்.பி., தொலைவிலிருந்து வந்து லாட்ஜில் தங்கி விசாரிக்கும் அதிகாரியைவிட வேகமாக உண்மைக்குப் பக்கத்தில் போவார்.

8. சாட்சியைக் காப்பாற்றுங்கள். சாத்தான்குளத்தில் ஒரு பெண் தலைமைக் காவலர் அன்றிரவு தான் பார்த்ததை மாஜிஸ்திரேட்டிடம் சொன்னார். கையெழுத்திடவே பயந்தவர், பாதுகாப்புக்கு உறுதி கிடைத்த பிறகுதான் கையெழுத்திட்டார். 2025 ஜூனில் சிவகங்கை மாவட்டம் மடப்புரத்தில் கோயில் காவலாளி போலீஸ் பிடியில் இறந்தபோது, கோயில் ஊழியர் ஒருவர் கைப்பேசியில் எடுத்த சில நொடிக் காட்சி வெளிவந்தது. அதன் பிறகு அந்தச் சாவை யாராலும் மூடி மறைக்க முடியவில்லை. அப்படிப்பட்டவர் நம்மைத் தேடி வந்தால், முதலில் அவருடைய வீட்டு நிலைமையைக் கேளுங்கள். 2018-இல் உச்ச நீதிமன்றம் ஏற்ற சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தின் கீழ் விண்ணப்பம் போடுங்கள். பி.என்.எஸ்.எஸ். 183-இல் மாஜிஸ்திரேட் முன் வாக்குமூலம் பதிவுசெய்ய வையுங்கள். வீடியோவின் மூலப்பிரதி இருக்கும் போனை அவர் விற்கவோ, ரீசெட் செய்யவோ கூடாது.

9. டி.வி. விவாதங்களுக்குப் போகாதீர்கள். கள்ளக்குறிச்சி கனியாமூரில் 2022 ஜூலை 13 அன்று பள்ளி மாணவி இறந்தார். வாட்ஸ்அப்பில் பரவிய கதைகள் 17-ஆம் தேதி பள்ளிக்குத் தீ வைப்பதில் போய் முடிந்தன. அந்தக் கலவரத்தின் வழக்குகளில் எத்தனையோ இளைஞர்கள் சிக்கினார்கள். மகளை இழந்த தாயின் கேள்விகள் அந்தப் புகையில் மறைந்துபோயின.

10. விசாரிக்கும் அதிகாரியை எதிரியாக நினைக்காதீர்கள். ஒரே இன்ஸ்பெக்டர் பந்தோபஸ்து, கோர்ட் டூட்டி, திருவிழா எல்லாவற்றுக்கும் நடுவில் கோப்பைத் தொடுகிறார். சில நேரம் குறை சோம்பலில் இருக்கும், சில நேரம் மேலிருந்து வந்த ஒரு போனில் இருக்கும். இரண்டும் ஒன்றல்ல. இரண்டாவதற்கு ஆதாரம் இல்லாமல் எவர் பெயரையும் எழுதாதீர்கள்.

11. ஆணை வந்த அன்று வீட்டார் ஸ்வீட் பாக்ஸோடு வருவார்கள். வாங்கிக்கொள்ளுங்கள், அவர்கள் மனம் நோக வேண்டாம். ஆனால் வேலை அன்றுதான் தொடங்குகிறது. கோப்பு எந்தத் தேதியில் ஒப்படைக்கப்பட்டது, பொருள்களின் பட்டியலில் எல்லாம் இருக்கிறதா, மாதிரிகள் ஆய்வகத்துக்குப் போனதா என்று எழுத்தில் கேளுங்கள். காலவரையறை கேளுங்கள். மடப்புரம் வழக்கில் 2025 ஆகஸ்ட் 20-க்குள் விசாரணையை முடித்து அறிக்கை தாக்கல் செய்யும்படி மதுரைக் கிளை சி.பி.ஐ.க்குத் தேதியே குறித்தது. குற்றப்பத்திரிகை தாக்கலானதும் உயர் நீதிமன்றத்தின் கண்காணிப்பு முடிந்துவிடும், பிறகு எல்லாம் விசாரணை நீதிமன்றத்தின் கையில்.

வழக்கை முடித்துவிட்டோம் என்று இறுதி அறிக்கை வந்தால் துவண்டுவிடாதீர்கள். புகார் கொடுத்தவரைக் கேட்காமல் அதை மாஜிஸ்திரேட் ஏற்கக் கூடாது என்று 1985-இலேயே பகவந்த் சிங் வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. ஆட்சேப மனுவை அக்கறையோடு எழுதுங்கள். கோட்டயத்தில் 1992 மார்ச் 27 அன்று மடத்துக் கிணற்றில் சிஸ்டர் அபயாவின் உடல் கிடந்தது. உள்ளூர் போலீசும் குற்றப்பிரிவும் தற்கொலை என்றன. சி.பி.ஐ. கொலை என்றது. ஆனால் குற்றவாளியைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்று வழக்கை முடிக்கத் திரும்பத் திரும்ப அனுமதி கேட்டது. நீதிமன்றம் திரும்பத் திரும்ப மறுத்தது. அவர் உடுத்தியிருந்த துணி முதலானவை ஆரம்பத்திலேயே அழிக்கப்பட்டிருந்தன என்பது வழக்கு முழுதும் பேசப்பட்டது. இடிதாங்கியின் செம்பைத் திருடப் போன ஒருவர் அன்றிரவு தான் பார்த்ததைக் கடைசிவரை மாற்றாமல் சொன்னார். இருவர் குற்றவாளிகள் என்று 2020 டிசம்பரில் தீர்ப்பானது. இடையில் 28 ஆண்டுகள், அபயாவின் தாயும் தந்தையும் அதற்குள் இறந்துபோனார்கள். மேல்முறையீட்டில் 2022-இல் தண்டனை நிறுத்திவைக்கப்பட்டு இருவரும் ஜாமீனில் வந்தார்கள்.

இன்னொன்றையும் குடும்பத்திடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். குஜராத் சொராபுதீன் என்கவுன்டர் வழக்கை 2010-இல் உச்ச நீதிமன்றமே சி.பி.ஐ.க்கு மாற்றியது. 2018 டிசம்பரில் 22 பேரும் விடுதலையானார்கள். ஏராளமான சாட்சிகள் பிறழ்ந்திருந்தார்கள்.

12. போன வாரம் வந்த அந்தத் தகப்பனாரின் கேஸ் கட்டை இன்று காலை படித்தேன். மகன் இறந்து பதினொரு நாள் ஆகிறது. பஸ் ஸ்டாண்டு எதிரே டீக்கடையில் கேமரா இருக்கிறது, பதினைந்து நாள் பதிவுதான் அதில் நிற்கும் என்று கடைக்காரர் சொன்னதாக உங்கள் குறிப்பிலேயே எழுதியிருக்கிறீர்கள். மாற்ற மனுவை அடுத்த வாரம் எழுதலாம். இன்று சாயங்காலம் ஒருவர் டீக்கடைக்குப் போங்கள். இன்னொருவர் விசாரணை அதிகாரிக்கும் எஸ்.பி.க்கும் பதிவைக் கைப்பற்றக் கோரிக் கடிதம் எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு ரசீதைக் கோப்பில் வையுங்கள். மூன்றாமவர் அந்த வீட்டுக்குப் போன் செய்து, பையனின் துணிகளை யாரும் தொட வேண்டாம் என்று அம்மாவிடமே சொல்லுங்கள்.